பாட்டுக்கு முன்னால் நின்ற மனுசன்

பழைய ஆங்கிலப் பாட்டுகளை யூடியூப்பில் தேடுகிற பழக்கம் எங்களில் சிலருக்கு உண்டு. அப்பா அம்மா காலத்துக் கசெற்றுகளில் இருந்த பெயர்களைத்தான் முதலில் தேடினோம்: பொனி எம், அபா. தேடத் தேட ஒரு விசயம் கண்ணில் பட்டது. 1970களின் வீடியோ ஒன்று பார்க்கத் தெளிவாக இருந்தால், அதில் அடிக்கடி ஒரே பெயர் இருந்தது. டொப்பொப். இது ஏதோ இங்கிலாந்து நிகழ்ச்சியாக்கும் என்று விட்டுவிட்டோம். பிறகுதான் தெரிந்தது, நெதர்லாந்து. ஒல்லாந்தர் என்றால் கோட்டையும் கறுவாவும் என்று வரலாற்றுப் புத்தகத்தில் படித்த எங்களுக்கு, ஒல்லாந்தரின் பொப் நிகழ்ச்சி என்பது புதுக் கதை.

அந்த வீடியோக்களில் ஒருவரைப் பெரும்பாலும் காணக் கிடைக்காது. பாட்டுத் தொடங்குகிற இடத்தில் வீடியோ தொடங்கும், பாட்டு முடிகிற இடத்தில் முடியும். அதற்கு முன்னால் நின்று "அடுத்து வருவது இது" என்று சொன்ன ஆளை வெட்டியாச்சு. 1970 முதல் 1985 வரை, பதினைந்து வருசம், அந்த இடத்தில் நின்றவர் அட் விஸ்ஸர்.

வெட்டப்பட்ட அந்த மனுசனைப் பற்றித்தான் இங்கே எழுதுகிறோம். அவர் பெரிய மேதை என்று நிறுவுவது எங்கட நோக்கம் இல்லை. ஒரு பாட்டுக்கு முன்னால் தன் முகத்தோடு நின்று அதை அறிமுகப்படுத்துவது ஒரு உண்மையான வேலை, அது இன்றைக்கு எங்கட கண் முன்னால் இல்லாமல் போகிறது, அதில் எங்களுக்கு நட்டம் இருக்கிறது. சொல்ல வருவது இவ்வளவுதான்.

முதலில் அவர் நின்ற இடத்தைப் பார்ப்போம். நெதர்லாந்தின் வானொலியும் தொலைக்காட்சியும் அப்போது ஒரு வித்தியாசமான ஏற்பாட்டில் ஓடின. பிபிசி போல ஒரே நிறுவனம் இல்லை. தனியார் சனல்களும் இல்லை, அவை 1989இல்தான் வந்தன. சங்கங்கள்தான் இருந்தன. கத்தோலிக்கருக்கு கே.ஆர்.ஓ., புரட்டஸ்தாந்தருக்கு என்.சி.ஆர்.வி., சோஷலிஸ்டுகளுக்கு வாரா, எந்தச் சமயத்தையும் கட்சியையும் சேராத பொதுச் சங்கமாக ஆவ்ரோ. எல்லாம் ஹில்வர்சம் என்ற நகரத்தைச் சுற்றி. எந்தச் சங்கத்துக்கு எத்தனை உறுப்பினரோ, அதற்கேற்ற அளவில் ஒளிபரப்பு நேரம். அதாவது, ஒரு குடும்பம் எந்தக் கோயிலுக்குப் போகிறது, எந்தக் கட்சிக்கு வாக்குப் போடுகிறது என்பதைப் பொறுத்து எந்தச் சங்கத்தின் நிகழ்ச்சியைப் பார்க்கிறது என்பதும் ஓரளவு முடிவாகிவிடும்.

இந்த ஏற்பாட்டுக்குள் பொப் இசைக்கு இடம் எங்கே? பதினாறு வயசுப் பிள்ளைக்கு ரோலிங் ஸ்டோன்ஸ் பிடிக்கும் என்றால், அந்தப் பிள்ளை கத்தோலிக்கமா சோஷலிஸ்டா என்ற கேள்விக்கே அர்த்தம் இல்லை. அதனால் இளைஞர்கள் கடலைப் பார்த்தார்கள். 1960 முதல் கரைக்கு வெளியே கப்பலில் இருந்து ஒலிபரப்பிய ரேடியோ வெரோனிகா அவர்களுக்கு வேண்டியதைக் கொடுத்தது. சட்டத்துக்கு வெளியே நின்ற நிலையம் என்பதால் 'கடற்கொள்ளை' வானொலி என்று பெயர். அதன் டொப் 40 பட்டியல் 1965 ஜனவரியில் தொடங்கியது. அதே வருசம் ஒக்டோபரில் ஹில்வர்சம் 3 என்ற புதிய வானொலி அலைவரிசை வந்தது. அது கப்பலுக்குக் கரை கொடுத்த பதில்.

தொலைக்காட்சியில் இதற்கு முன்னால் யாருமே இல்லை என்று சொன்னால் அது பிழை. ஹேர்மன் ஸ்டொக் என்பவர் 1960களின் முதல் பாதியில் வாராவுக்காக 'டொப் ஒஃப் ஃப்ளொப்' நடத்தினார். புதிய இசைத்தட்டு ஓடும், இளம் நடுவர்கள் தேறுமா தேறாதா என்று தீர்ப்புச் சொல்வார்கள். 1964 ஜூனில் பீட்டில்ஸ் நெதர்லாந்துக்கு வந்தபோது ஹில்லெகொம் ஊரில் நடந்த வாராவின் படப்பிடிப்பிலும் ஸ்டொக் இருந்தார். அந்தக் கதை இந்தக் கட்டுரைக்கு முக்கியம். ரிங்கோவுக்குச் சுகமில்லை, ட்ரம்ஸில் ஜிம்மி நிக்கல். பாட்டுகள் நாடாவில் ஓட, மேலே அவர்கள் பாடினார்கள். கடைசியில் ரசிகர்கள் மேடையில் ஏறிவிட்டார்கள். பீட்டில்ஸை இறக்கிக் கூட்டிக்கொண்டு போனார்கள். அவர்கள் போன பிறகும் பாட்டு ஓடிக்கொண்டிருந்தது! நிக்கல் மட்டும் தட்டிக்கொண்டிருந்தார்.

தொலைக்காட்சியில் பொப் இசை என்றால் என்ன என்று கேட்டால் நாங்கள் அந்தக் காட்சியைத்தான் காட்டுவோம். பாடுகிறவன் இல்லாவிட்டாலும் பாட்டு வரும். இந்தப் பொய்யை எல்லாருக்கும் தெரியும், எல்லாரும் ஏற்றுக்கொண்டு பார்ப்பார்கள்.

1970 செப்டம்பரில் ஆவ்ரோ டொப்பொப்பைத் தொடங்கியது. நெதர்லாந்துத் தொலைக்காட்சியில் ஒழுங்காகத் தொடர்ந்து வந்த முதல் பொப் நிகழ்ச்சி அதுதான். இயக்குநர் ரீன் வன் வைக். முன்னால் நின்றவர் இருபதுகளின் தொடக்கத்தில் இருந்த, நீண்ட தலைமுடி வைத்த அட் விஸ்ஸர். அந்த வருசம் பெப்ரவரியில்தான் ஷொக்கிங் ப்ளூ என்ற நெதர்லாந்துக் குழுவின் 'வீனஸ்' அமெரிக்காவில் முதலாம் இடத்துக்குப் போயிருந்தது. வெளியில் வெல்கிற இசைக்கு உள்ளூர்த் தொலைக்காட்சியில் நிரந்தர வீடு இல்லை என்ற நிலைமை அதற்கு மேலும் தொடர முடியாது.

நிகழ்ச்சியின் முறை எளிமையானது. ஹிட் பட்டியலில் ஏறிய பாட்டு, வாயசைப்பு, மினுங்குகிற செட். பாடகர் வர முடியாவிட்டால் என்ன செய்வது? இங்கேதான் எங்களுக்குச் சுவாரசியம். மியூசிக் வீடியோ என்பது அப்போது வழமையான பொருள் இல்லை, எம்டிவி வந்ததே 1981இல். ஆகவே டொப்பொப் தானே படம் செய்தது. பெனி டி யாகர் என்ற நடனக் கலைஞரின் குழு அந்தப் பாட்டுக்கு ஆடும். வெளியில் போய்ச் சின்னப் படம் எடுப்பார்கள். நீலத்திரைக்கு முன்னால் ஆளை நிறுத்திப் பின்னால் வேறு படத்தை ஒட்டுவார்கள். இன்றைக்குப் பார்த்தால் சில வேலைகள் சிரிப்பாகத்தான் இருக்கும். பள்ளிக்கூட நாடகத்தில் வெள்ளி ரின்சல் ஒட்டினது போல. ஆனால் 1974இல் டேவிட் போவி ஒரு கண்ணில் கறுப்புப் பட்டியோடு வந்து 'ரெபெல் ரெபெல்' பாட்டுக்கு வாயசைத்த பதிவைப் பாருங்கோ. அதே மலிவான மின்னல் வித்தைகள் அந்த மனுசனைச் சுற்றி வரும்போது வேறு ஒன்றாகிவிடுகின்றன. அதே வருசம் குயின் குழு 'கில்லர் குயின்' பாட்டோடு வந்தது.

"இது எல்லாம் வாயசைப்புத்தானே, இதில் என்ன கலை?" என்று கேட்பவர்கள் இருக்கிறார்கள். எங்களுக்குள்ளேயே இருக்கிறார்கள். நியாயமான கேள்வி. அதற்குச் சிறந்த பதிலை 1977இல் இக்கி பொப் கொடுத்தார். 'லஸ்ட் ஃபோர் லைஃப்' பாட்டுக்கு வாயசைக்க வந்தவர், மேல்சட்டை இல்லாமல், ஸ்டூடியோவில் அலங்காரத்துக்கு வைத்திருந்த செடிகளைப் பிய்த்து எறிந்து அந்த இடத்தையே துவம்சம் செய்துவிட்டார். பாட்டு நாடாவில் ஒழுங்காக ஓடிக்கொண்டிருக்கிறது, முன்னால் எதுவுமே ஒழுங்கில் இல்லை. பொய்யான ஏற்பாட்டுக்குள் நடந்த உண்மையான சம்பவம் அது. ஒல்லாந்துத் தொலைக்காட்சியில் திரும்பத் திரும்பப் பேசப்படும் காட்சிகளில் ஒன்றாக அது நின்றுவிட்டது. அந்தக் குழப்பத்தையும், அதற்கு முன்னும் பின்னும் வந்த நூற்றுக்கணக்கான அமைதியான வாயசைப்புகளையும் ஒரே நிகழ்ச்சிக்குள் கட்டி வைத்திருந்தது அந்த அறிமுகக்காரரின் முகம்.

சரி, அந்த முகத்துக்குச் சொந்த ரசனை இருந்ததா? ஹிட் நிகழ்ச்சி நடத்துகிறவருக்கு இது பெரிய சிக்கல். பட்டியலில் என்ன ஏறுகிறதோ அதை அறிமுகப்படுத்த வேண்டும். எல்லாப் பாட்டும் அவருக்குப் பிடித்திருக்க முடியாது. இதிலே இரண்டு பிழையான வழிகள் உண்டு. ஒன்று, எல்லாவற்றையும் "சூப்பர், சூப்பர்" என்று சொல்லி வயிறு வளர்ப்பது. மற்றது, மக்களின் ரசனையைப் பார்த்து மூக்கைச் சுளித்துக்கொண்டு அதே மேடையில் சம்பளம் வாங்குவது. இரண்டையும் எங்கட சூழலிலும் தினம் தினம் பார்க்கிறோம், பெயர் சொல்லத் தேவையில்லை.

விஸ்ஸர் மூன்றாவது வழி ஒன்று வைத்திருந்தார். அவருக்கு இரண்டு அறைகள் இருந்தன. தொலைக்காட்சியில் எல்லாருக்குமான டொப்பொப். ஹில்வர்சம் 3 வானொலியில் ஆவ்ரோவுக்காகவே அவர் நடத்திய 'சூப்பர்கிளீன் ட்ரீம்மஷின்'. பெயரைக் கேட்டாலே விளங்கும், அது வேறு உலகம். ஹிட் பட்டியலுக்குள் அடங்காத, நீளமான, கனவுத்தனமான இசைக்கு அங்கே இடம் இருந்தது. ஒரே ஆள், ஒரே சங்கம், இரண்டு விதமான கேட்போர். டொப்பொப்பில் அவரைப் பார்த்த ஒரு பிள்ளை வானொலியில் அதே குரலைத் தேடிப் போனால், அந்தப் பிள்ளைக்கு இன்னொரு கதவு திறக்கும். கூட்டத்தை ஏமாற்றவும் இல்லை, தன்னை ஏமாற்றவும் இல்லை.

1982இல் அவர் ஒரு படி கூடப் போனார். 'சோப்ரியேட்டாஸ்' என்று ஒரு விஞ்ஞானப் புனைவை எழுதி, அதையே இசைத்தட்டாகவும் செய்தார். அதிலிருந்து வந்த 'கிடியப் எ கோகோ' பாட்டு நெதர்லாந்தில் ஹிட். அதைப் பாடியவர் டானியல் சாஹுலேகா, இந்தோனேசியாவில் பிறந்து நெதர்லாந்துக்கு வந்த கலைஞர். பன்னிரண்டு வருசம் மற்றவர்களின் பாட்டுக்கு முன்னால் நின்றவர், முதல் தடவையாகத் தன் பாட்டை மற்றவர்களின் தீர்ப்புக்கு வைத்தார். அந்த இசைத்தட்டு காலத்தை வென்ற படைப்பா என்பது வேறு விவாதம். எங்களுக்கு அந்தத் துணிவுதான் பிடித்தது. விமர்சனம் எழுதுகிற எங்களுக்கு இது நல்லாத் தெரியும்: மற்றவன் படத்தைப் பற்றி ரெண்டு பக்கம் எழுதுவது சுலபம், எங்கட குறும்படத்தைத் திரையிடும்போதுதான் கை நடுங்கும்.

இவ்வளவும் சொன்ன பிறகு மற்றப் பக்கத்தையும் சொல்ல வேண்டும். டொப்பொப்பைத் தொடர்ந்து பார்த்தால் ஒன்று உறுத்தும். ஆண் பேசுகிறான், பெண்கள் ஆடுகிறார்கள். பாட்டு எதைப் பற்றியதாக இருந்தாலும் கமரா பெண்களின் உடம்பைப் பார்க்கிற விதம் ஒன்றுதான். "அந்தக் காலம் அப்படி" என்று கடந்து போக நாங்கள் தயாரில்லை. அதே நேரம், பெனி டி யாகரை வெறும் ஆட்டக்காரியாகப் பார்ப்பதும் அநியாயம். பாடகர் வராத வாரங்களில் அந்தப் பாட்டுக்கு உருவம் கொடுத்தவர் அவர். நடனத்தை அமைத்தார், குழுவை நடத்தினார். படம் எப்படித் தெரிய வேண்டும் என்று முடிவெடுத்தவர் இயக்குநர் வன் வைக். ஆனால் டொப்பொப் என்றவுடன் பொதுவாக ஞாபகம் வருவது விஸ்ஸரின் தலைமுடி. முகத்துக்குக் கிடைக்கிற புகழ், கைகளுக்குக் கிடைப்பதில்லை. ஒரு அறிமுகக்காரரின் தொழில் வாழ்க்கையை எழுதும்போது இதை மறந்தால் நாங்களும் அதே பிழையைத்தான் செய்வோம்.

பிறகு என்ன நடந்தது? கப்பல் கரைக்கு வந்தது. 1974 ஓகஸ்ட் 31ஆம் திகதி புதிய சட்டத்தால் வெரோனிகாவின் கடல் ஒலிபரப்பு நின்றது. ஆனால் அதே பெயரில் அவர்கள் சட்டப்படி ஒரு ஒளிபரப்புச் சங்கமாகத் திரும்பி வந்தார்கள். 1970களின் பிற்பகுதியில் 'கவுண்ட்டவுன்' என்று தங்கட பொப் நிகழ்ச்சியையும் தொடங்கினார்கள். டொப்பொப்புக்குச் சரியான போட்டி. அதற்கிடையில் இசைக் கம்பனிகளே வீடியோ செய்து அனுப்பத் தொடங்கிவிட்டன. பாடகர் வராவிட்டால் என்ன செய்வது என்ற கேள்விக்குத் தேவையே இல்லாமல் போனது. ஸ்டூடியோவில் செடி வைக்கவும் வேண்டாம், அதைப் பிய்க்க ஒரு இக்கி பொப்பும் வேண்டாம். 1985இல் விஸ்ஸர் விலகினார். 1987 ஓகஸ்டில் எம்டிவி ஐரோப்பாவுக்கு வந்தது, அதன் தொடக்க விழா நடந்ததும் அம்ஸ்டர்டாமில்தான். 1988இல் டொப்பொப் முடிந்தது. கவுண்ட்டவுனில் இருந்த அடம் கரி 1987இல் எம்டிவிக்குப் போனார். பிற்பாடு பொட்காஸ்ட் என்ற வடிவத்தை உருவாக்கிய முன்னோடிகளில் ஒருவராக ஆனதும் அவர்தான். இன்றைக்கு நாங்கள் இரவில் காதில் மாட்டிக்கொண்டு படுக்கிற பொட்காஸ்டுக்கும் அந்த ஹில்வர்சம் உலகத்துக்கும் இப்படி ஒரு சொந்தம் இருக்கிறது. ஒரு குரல், ஒரு ஆள், "இதைக் கேட்டுப் பார்" என்று சொல்வது. வடிவம் மாறினாலும் அந்தத் தேவை போகவில்லை.

இன்னொரு விசயம் எங்களுக்கு மனதில் நிற்கிறது. இங்கிலாந்தின் பெரிய நிகழ்ச்சியான 'டொப் ஒஃப் த பொப்ஸ்' 1964இல் தொடங்கியது. அதன் 1960களின் பதிவுகளும் 1970களின் முதல் பாதிப் பதிவுகளும் பெரும்பாலும் அழிக்கப்பட்டுவிட்டன. நாடா விலை கூட, பழையதை அழித்துப் புதியதை ஏற்றினார்கள். பொப் பாட்டை யார் திரும்பப் பார்க்கப் போகிறார்கள் என்ற எண்ணம். டொப்பொப்பில் ஏராளமானது தப்பியது. அதனால்தான் அந்தக் காலத்துப் பாட்டைத் தேடுகிற உலகத்தின் எந்த மூலைப் பிள்ளைக்கும் இந்தச் சின்ன நாட்டு ஸ்டூடியோ எதிர்ப்படுகிறது. பெரிய நாடு பெரிய நிறுவனம் என்பதால் நினைவு தானாகத் தங்கிவிடாது. யாரோ ஒருவர் நாடாவை அழிக்காமல் விட வேண்டும். இங்கே எத்தனை வானொலிக் குரல்கள் நாடாவோடு போயின என்று வீட்டில் மூத்தவர்களைக் கேட்டுப் பாருங்கோ, இந்த வரியின் கனம் விளங்கும்.

ஆனால் காப்பாற்றப்பட்ட நாடாவை நாங்கள் பார்க்கிற விதத்தில்தான் பிரச்சினை. பாட்டு மட்டும் வெட்டி எடுக்கப்பட்டு வருகிறது. முடிந்தவுடன் அடுத்த பாட்டு தானாக ஓடுகிறது. அதை யார் தேர்ந்தெடுத்தது? ஏன் இது, ஏன் அது இல்லை? கேட்க ஆள் இல்லை. விஸ்ஸரின் தெரிவு பிடிக்காத ஒருவர் அவரைத் திட்டலாம். திட்டுவதற்கு ஒரு முகம் இருந்தது, பெயர் இருந்தது, அடுத்த ஒளிபரப்பிலும் அதே இடத்தில் அவர் வந்து நிற்பார். இன்றைக்கு எங்களுக்குப் பாட்டைத் தருகிற கணக்குக்கு முகமும் இல்லை, வெட்கமும் இல்லை. நாங்கள் நேற்றுக் கேட்டதையே இன்றைக்கும் கொஞ்சம் மாற்றித் தருகிறது. ரேடியோ வெரோனிகாவைத் தேடிப் போன பிள்ளைக்குக் கிடைத்த அதிர்ச்சி, 'ட்ரீம்மஷின்' கேட்ட பிள்ளைக்குக் கிடைத்த குழப்பம், இவை அந்தக் கணக்குக்குள் வராது.

"அந்தக் காலத்தில் ஒரு ஆள் சொன்னதைத்தான் எல்லாரும் கேட்க வேண்டியிருந்தது. இப்போது எதையும் கேட்கலாமே?" என்று ஒரு தோழர் எங்களோடு மல்லுக்கு நின்றார். அவர் சொன்னதில் உண்மை இருக்கிறது. இரண்டே சனல் இருந்த நாட்டில் ஒரு அறிமுகக்காரர் வாசலில் நிற்கும் காவலாளியும்தான். யாரை உள்ளே விடுவது என்பது அவர் கையிலும் அவருடைய சங்கத்தின் கையிலும் இருந்தது. அந்தக் காலத்துக்குத் திரும்ப வேண்டும் என்று நாங்கள் கேட்கவில்லை. எதையும் கேட்கலாம் என்பது பெரிய சுதந்திரம். ஆனால் எதையும் கேட்கலாம் என்ற இடத்தில் நிற்கிற ஒருவருக்கு எதைக் கேட்பது என்று தெரியாமல் போவதும் நடக்கிறது. அப்போது பக்கத்தில் வந்து, "நான் இதைக் கேட்டேன், இன்ன காரணத்தால் பிடித்தது, நீயும் கேள், பிடிக்காவிட்டால் வந்து சண்டை பிடி" என்று சொல்ல ஒரு ஆள் வேண்டும்.

அந்த ஆளாக இருக்கத்தான் நாங்கள் முயற்சி செய்கிறோம். படத்தைப் பற்றி, புத்தகத்தைப் பற்றி, பாட்டைப் பற்றி எழுதும்போதெல்லாம் அதுதான் வேலை. விஸ்ஸரின் பதினைந்து வருசத்தில் இருந்து எடுத்துக்கொள்ள எங்களுக்கு மூன்று இருக்கிறது. கூட்டத்துக்குப் பிடித்ததைக் கேவலமாகப் பார்க்காதே. உனக்குப் பிடித்ததற்கு ஒரு தனி அறை வைத்துக்கொள், அதன் கதவைத் திறந்தே வை. எப்போதாவது ஒரு நாள் உன் சொந்த வேலையையும் சபையில் வை.

அடுத்த தடவை டொப்பொப் என்ற பெயர் எதிர்ப்பட்டால், வெட்டப்பட்ட துண்டோடு நிற்காமல் முழு நிகழ்ச்சி ஒன்றைத் தேடிப் பாருங்கோ. பாட்டுக்கு முன்னால் ஒரு நீளத் தலைமுடிக்காரர் வந்து விளங்காத பாசையில் ஏதோ சொல்லுவார். ஒரு சொல்லும் விளங்காது. ஆனால் அடுத்து வரப்போகிற பாட்டுக்காக நீங்கள் கொஞ்சம் நிமிர்ந்து உட்காருவீர்கள்.